கணக்கேடு காட்டிய கொடுமை: எட்மண்ட் டீன் மொரல் (1873 – 1924)

ஐரோப்பிய வல்லரசுகள் ஆபிரிக்காவைத் தமக்குள் பங்கு போட்டுக்கொண்ட வரலாற்றை நீங்கள் படித்திருப்பீர்கள். 1884 – 1885 பேர்ளின் மாநாடு, கொங்கோ, பெல்ஜிய மன்னன் இரண்டாம் லியோபோல்ட் ஆகிய பெயர்களை மனனம் செய்தும் இருப்பீர்கள். ஆனால் கொங்கோவில் நடந்த கொடுமைகள் வெளியுலகுக்கு எவ்வாறு தெரியவந்தன என்று கேட்டால் பலரும் விடை எழுதத் தடுமாறுவர். அதற்காகப் பலர் உழைத்தனர். அவர்களுள் முதன்மையானவர் ஒரு கப்பற் கம்பனியின் எழுதுவினைஞர். பின்னாளில் அவர் தமது உத்தியோகத்தை உதறிவிட்டு ஒரு வாரப் பத்திரிகையின் பத்திராதிபர் ஆனார். கொங்கோ மண்ணில் அவர் ஒருநாளேனும் கால் வைத்ததில்லை. இதனை முதலிலேயே மனத்திற் பதித்துக்கொள்ளுங்கள். அவருடைய வாழ்க்கையை விளங்கிக்கொள்வதற்கு இது மிகவும் அவசியம்.

இளமைக் காலம்

மொரல் 1873 யூலை 10 ஆந் திகதி பிரான்சின் தலைநகரான பரிஸில் பிறந்தார். தந்தையார் பிரெஞ்சு நிதி அமைச்சில் ஒரு சிறிய உத்தியோகத்தர். தாயார் ஆங்கிலேயப் பெண்மணி. மொரலுக்கு நான்கு வயதாக இருக்கும்போதே தந்தையார் காலமானார். கணவரின் உறவினர்களோடு ஒத்துப்போக இயலாத தாயார் மகனை இங்கிலாந்துக்கு அனுப்பிப் படிப்பித்தார். பணமுடையால் அந்தப் படிப்பும் 15 வயதுடன் நின்றுபோயிற்று. பரிஸுக்குத் திரும்பி ஒரு வங்கியில் வேலை பார்த்த மொரல், 1891 இல் இங்கிலாந்தின் லிவர்பூல் துறைமுக நகரில் இருந்த எல்டர் டெம்ப்ஸ்டர் என்னும் கப்பற் கம்பனியில் எழுதுவினைஞராகச் சேர்ந்தார். 1896 இல் பிரித்தானியப் பிரசையானார். மேரி ரிச்சர்ட்சன் என்பவரை மணந்ததும் அதே ஆண்டில்தான்.

சம்பளம் போதவில்லை. தாயாரையும் பராமரிக்க வேண்டியிருந்தது. ஆகவே அலுவலக நேரம் முடிந்த பின்னர் ஆபிரிக்க வர்த்தகம் பற்றிப் பத்திரிகைகளுக்குக் கட்டுரை எழுதத் தொடங்கினார். அக்கட்டுரைகளில் அவர் லிவர்பூல் வணிகர்களின் கண்கொண்டே ஆபிரிக்காவைப் பார்த்தார். கொங்கோவில் லியோபோல்ட் மன்னன் நடத்திய ஆட்சியை ஆதரித்துக்கூட எழுதினார். அவர் பிறவியிலேயே புரட்சிக்காரர் என்று எண்ணிவிடாதீர்கள். அவருடைய மனத்தை மாற்றியவை கணக்கேடுகளும் கப்பற் பொதிகளுமே.

அன்ட்வேர்ப் துறைமுகத்தில்

இங்கு கொங்கோவின் நிலைமையைச் சுருக்கமாக நினைவுபடுத்திக்கொள்வோம். 1885 முதல் கொங்கோ ஒரு நாட்டின் குடியேற்றமாக இருக்கவில்லை. அது லியோபோல்ட் என்ற தனி மனிதனின் சொத்தாக இருந்தது. பெல்ஜியத்தைப் போன்று ஏறத்தாழ 75 மடங்கு பரப்புடைய அந்நிலத்துக்குக் கொங்கோ சுதந்திர அரசு என்று பெயர் வைத்தார்கள். அங்கு இல்லாதிருந்தது சுதந்திரம் ஒன்றுதான். அடிமை வியாபாரத்தை ஒழிக்கவும் மக்களை நாகரிகப்படுத்தவுமே அங்கு ஆட்சி செய்வதாக மன்னன் உலகுக்குக் கூறினான். அவனும் கொங்கோவுக்கு ஒருபோதும் போனதில்லை.

பெல்ஜியத்தின் அன்ட்வேர்ப் துறைமுகத்துக்கும் கொங்கோவின் போமா துறைமுகத்துக்கும் இடையே பொருள்களை ஏற்றி இறக்கும் ஒப்பந்தம் எல்டர் டெம்ப்ஸ்டர் கம்பனியிடம் இருந்தது. மொரலுக்குப் பிரெஞ்சு மொழி தாய்மொழி போன்றது. ஆகவே 1890களின் பிற்பகுதியில் கம்பனி அவரை அடிக்கடி அன்ட்வேர்ப்புக்கு அனுப்பியது. துறைமுக மேடையில் நின்று பொருள்கள் ஏறுவதையும் இறங்குவதையும் அவர் பார்த்தார். அலுவலகத்துக்குத் திரும்பிக் கணக்கேடுகளைப் பார்த்தார். சில விடயங்கள் அவருக்குப் பொருந்தி வரவில்லை.

கொங்கோவிலிருந்து வந்த கப்பல்கள் இறப்பரையும் யானைத் தந்தத்தையும் அடிமட்டம்வரை நிரப்பிக்கொண்டு வந்தன. திரும்பிப் போகும்போது அவற்றில் ஏற்றப்பட்டவை பெரும்பாலும் துப்பாக்கிகளும் தோட்டாக்களுமே. மக்களுக்கு விற்கக்கூடிய துணியோ பாத்திரமோ மிகக் குறைவு. அத்துடன் அன்ட்வேர்ப்பில் இறங்கிய இறப்பரின் அளவு கொங்கோ அரசு வெளியிட்ட கணக்கில் காட்டிய அளவைவிட மிக அதிகமாக இருந்தது. அந்த மேலதிக இலாபம் யாரோ ஒருவருடைய பைக்குள் போய்க்கொண்டிருந்தது.

இதனை ஓர் உதாரணத்தால் விளங்கிக்கொள்ளுங்கள். உங்கள் மாவட்டத்தில் ஒரு கிராமத்திலிருந்து நாள்தோறும் லொறி லொறியாக மரக்கறி வெளியே போகிறது என்று வைத்துக்கொள்வோம். திரும்பி வரும் லொறிகளில் அரிசி இல்லை, சீனி இல்லை, துணி இல்லை. அக்கிராமத்தவரின் கையில் காசும் இல்லை. வருவன எல்லாம் ஆயுதங்களும் அவற்றைத் தூக்கும் ஆட்களுமே. அப்படியானால் அந்த மரக்கறியைக் கிராமத்தவர்கள் விற்கிறார்களா? அல்லது அது அவர்களிடமிருந்து பறிக்கப்படுகிறதா? மொரல் தமக்குள் கேட்டுக்கொண்ட கேள்வியும் இதுவே. கொங்கோ மக்கள் பணத்தைப் பயன்படுத்துவதற்கும் அக்காலத்தில் அனுமதி இருக்கவில்லை. எனவே கொடுப்பனவு எதுவும் நடக்கவில்லை. கொடுப்பனவு இல்லாமல் இத்தனை ஆயிரம் தொன் இறப்பரை ஒரு மக்கள் கூட்டம் ஏன் சேகரித்துக் கொடுக்க வேண்டும்? கட்டாய உழைப்பு என்பதைத் தவிர வேறு விடை அவருக்குக் கிடைக்கவில்லை. அடிமை முறையை ஒழித்ததாகக் கூறிய மன்னனே புதிய அடிமை முறை ஒன்றை நடத்திக்கொண்டிருந்தான்.

கவனியுங்கள், இந்தக் கணக்குகளை அக்கம்பனியில் வேறு பலரும் பார்த்தனர். ஏற்றுமதியையும் இறக்குமதியையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, இதன் கருத்து என்ன என்று கேட்டவர் மொரல்தான்.

இறப்பரின் கதை

இறப்பர் எமது நாட்டு மாணவர்களுக்குப் புதிய விடயம் அன்று. 1876 இல் கம்பகாவுக்கு அண்மையிலுள்ள ஹெனரத்கொடை தாவரவியற் பூங்காவில் நடப்பட்ட பிரேசில் நாட்டு இறப்பர்க் கன்றுகள் பற்றிப் படித்திருப்பீர்கள். ஆனால் கொங்கோவில் கிடைத்தது அந்த மரத்தின் பால் அன்று. காட்டில் உயர்ந்த மரங்களைச் சுற்றிப் படரும் ஒரு வகைக் கொடியின் பால் அது. அதை யாரும் நடவில்லை, யாரும் பராமரிக்கவில்லை. காட்டுக்குள் போய் எடுத்து வந்தால் போதும்.

1888 இல் டன்லொப் காற்றடைத்த டயரை உருவாக்கினார். சைக்கிளும் பின்னர் மோட்டார் வாகனமும் பெருகின. இறப்பரின் விலை ஏறியது. இலங்கையிலும் மலாயாவிலும் நடப்பட்ட மரங்கள் பெருமளவில் பால் தரத் தொடங்கினால் விலை விழுந்துவிடும் என்பது லியோபோல்டுக்குத் தெரியும். அதற்குள் முடிந்த மட்டும் சுரண்டிவிட வேண்டும் என்று அவன் அவசரப்பட்டான். தோட்ட மரம் வளர எடுத்த அந்தச் சில ஆண்டுகள்தாம் கொங்கோ மக்களுக்கு மிகக் கொடிய ஆண்டுகளாயின.

கொடிப்பால் சேகரிப்பது கடினமான வேலை. ஆண்கள் நாட்கணக்கில் காட்டில் அலைந்து மரங்களில் ஏற வேண்டும். விரும்பி அவ்வேலையைச் செய்ய எவரும் முன்வரவில்லை. ஆகவே போர்ஸ் பப்ளிக் என்னும் அரசின் படையினர் ஊர்களுக்குள் புகுந்து பெண்களையும் பிள்ளைகளையும் பணயமாகப் பிடித்து அடைத்து வைத்தனர். குறிக்கப்பட்ட நிறையுடைய இறப்பரைக் கொண்டுவந்து கொடுத்தாலே அவர்கள் விடுவிக்கப்பட்டனர். மறுத்த ஊர்கள் தாக்கப்பட்டன. தோட்டாக்களை வேட்டைக்கு வீணாக்கவில்லை என்று காட்டுவதற்காகச் சுடப்பட்டவரின் வலக்கையை வெட்டிக் கொண்டுவருமாறு படையினர் பணிக்கப்பட்டனர். கணக்குச் சரிவர வேண்டும் என்பதற்காக உயிருடன் இருந்தவர்களின் கைகளும் வெட்டப்பட்டதுண்டு.

குடிசன மதிப்பீடு இல்லாத அக்காலத்தில் எத்தனை பேர் மாண்டனர் என்பதில் வரலாற்றாசிரியர்கள் ஒருமித்த கருத்துடையவர்கள் அல்லர். கொலை, பட்டினி, தொற்றுநோய், பிறப்பு வீழ்ச்சி எல்லாம் சேர்ந்து சனத்தொகையைப் பெருமளவு குறைத்தன என்பதில் ஐயமில்லை. ஆகவே விடை எழுதும்போது ஏதாவதோர் எண்ணை உறுதியான தொகை என்று எழுதாமல், மதிப்பீடு என்று குறிப்பிட்டு எழுதுங்கள்.

வேலையை உதறுதல்

தாம் கண்டவற்றை மொரல் கம்பனியின் தலைவரான சேர் அல்பிரட் ஜோன்ஸிடம் எடுத்துச் சொன்னார். அந்த ஜோன்ஸ்தான் லிவர்பூலில் கொங்கோ அரசின் கௌரவ கொன்சலாகவும் இருந்தவர். கொங்கோ ஒப்பந்தம் கம்பனிக்குப் பெரும் வருமானம். எனவே அவர் மொரலின் பேச்சை விரும்பவில்லை. அலுவலகத்தில் மற்றவர்களும் அவருடன் முகம் கொடுத்துப் பேசுவதைக் குறைத்தனர். பின்னர் சம்பள உயர்வுடன் வெளிநாட்டில் ஒரு பதவி தருவதாக ஆசை காட்டப்பட்டது. பேசாமல் இருப்பதற்கான விலை அது என்பது மொரலுக்குத் தெரியாததல்ல.

1901 இல் அவர் வேலையிலிருந்து விலகினார். அப்போது அவருக்கு வயது 28. குடும்பம் பெருகிக்கொண்டிருந்தது; சேமிப்பு இல்லை; பட்டம் இல்லை; செல்வாக்குள்ள உறவினரும் இல்லை. இத்தனையையும் ஒருசேர நினைத்துப் பார்த்தால்தான் அந்த முடிவின் பாரம் புரியும். சுவாரசியமான ஒரு விடயம் என்னவென்றால், வேலையை விடுமுன்னரே, 1900 இல், கொங்கோ ஊழல் பற்றிய கட்டுரைகளைத் தமது பெயரைப் போடாமல் ஒரு சஞ்சிகையில் எழுதத் தொடங்கியிருந்தார். வேலையை விட்டதும் பெயர் போட்டு எழுதினார்.

பத்திராதிபர் மொரல்

1903 இல் வெஸ்ட் ஆபிரிக்கன் மெயில் என்னும் வாரப் பத்திரிகையை அவர் ஆரம்பித்தார். ஜோன் ஹோல்ட் என்ற லிவர்பூல் வணிகர் போன்றோர் பண உதவி செய்தனர். ஆபிரிக்க மக்களுடன் நேர்மையாக வியாபாரம் செய்ய விரும்பிய இத்தகைய வணிகர்களுக்கும் லியோபோல்டின் ஏகபோகம் இடையூறாகவே இருந்தது. மொரலின் ஆதரவாளர் எல்லோரும் மனிதாபிமானத்தால் மட்டும் வந்தவர்கள் அல்லர் என்பதை இதிலிருந்து அறிந்துகொள்ளலாம்.

அவருடைய எழுத்து முறை தனித்துவமானது. அவர் கோபத்துடன் எழுதினார். ஆனால் கோபத்துக்கு முன்னால் தரவை வைத்தார். கப்பற் கணக்கு, ஆண்டறிக்கை, பெல்ஜியப் பாராளுமன்ற விவாதம், கம்பனிகளின் பங்கு இலாபம் எல்லாவற்றையும் திரட்டி ஒன்றோடொன்று ஒப்பிட்டார். கொங்கோவில் பணியாற்றிய மிஷனரிமார், அரசின் செயலால் மனம் வெறுத்த உத்தியோகத்தர்கள் ஆகியோர் இரகசியமாகக் கடிதங்களையும் சுற்றறிக்கைகளையும் அவருக்கு அனுப்பினர். எவ்வளவு இறப்பருக்கு எவ்வளவு தரகு என்ற கட்டளைகூட அவர் கைக்கு வந்து அச்சேறியது. 1906 இன் முதல் ஆறு மாதங்களில் மட்டும் அவர் சுமார் 3700 கடிதங்கள் எழுதினார் என்பர். தட்டச்சு இயந்திரமும் தபாலும் தவிர வேறு வசதி இல்லாத காலம் அது.

மொரலுக்கு முன்னரும் உண்மையைச் சொன்னவர்கள் இருந்தனர். ஜோர்ஜ் வொஷிங்டன் வில்லியம்ஸ் என்ற அமெரிக்கக் கறுப்பின எழுத்தாளர் 1890 இலேயே கொங்கோவுக்குச் சென்று லியோபோல்டுக்குப் பகிரங்கக் கடிதம் எழுதினார். மறு ஆண்டே அவர் இறந்துவிட்டார். வில்லியம் ஷெப்பர்ட் என்ற அமெரிக்கக் கறுப்பின மிஷனரி வெட்டப்பட்ட கைகளை நேரிற் கண்டு எழுதினார். இவர்களின் குரல்கள் தனித்தனியே எழுந்து அடங்கிப்போயின. அவற்றை ஒன்று சேர்த்து ஓயவிடாமல் ஒலிக்கச் செய்ததே மொரலின் பணி.

கேஸ்மென்டின் நட்பு

1903 மே மாதத்தில் பிரித்தானியப் பாராளுமன்றம் கொங்கோ பற்றி ஒரு பிரேரணையை நிறைவேற்றியது. அதன் விளைவாகப் போமாவில் இருந்த பிரித்தானிய கொன்சல் ரொஜர் கேஸ்மென்ட் உள்நாட்டுக்குச் சென்று விசாரிக்குமாறு பணிக்கப்பட்டார். அயர்லாந்துக்காரரான இவர் அரச படகுகளை நம்பாமல் மிஷனரிமாரின் நீராவிப் படகை வாடகைக்கு அமர்த்தி மூன்று மாதங்களுக்கு மேல் ஊர் ஊராகச் சென்று சாட்சியம் பெற்றார். 1904 இல் அவரது அறிக்கை வெளியாயிற்று. வெளிநாட்டு அலுவலகம் ஆட்களின் பெயர்களையும் ஊர்களின் பெயர்களையும் நீக்கி வெறும் எழுத்துக்களாக மாற்றியே வெளியிட்டது. இதனால் அறிக்கையின் வலு குறைந்துவிட்டதென்று கேஸ்மென்ட் சினந்தார். ஆயினும் கணக்கேட்டிலிருந்து மொரல் ஊகித்ததைக் களத்தில் நின்றவர் உறுதிப்படுத்திவிட்டார்.

இருவரும் 1903 டிசம்பரில் முதன்முதல் சந்தித்தனர். ஓர் இரவு முழுவதும் பேசினர். 1904 மார்ச்சில் கொங்கோ சீர்திருத்தச் சங்கம் லிவர்பூலில் தொடங்கப்பட்டது. அரச உத்தியோகத்தரான கேஸ்மென்ட் வெளிப்படையாகச் சேர முடியாது. எனவே தமது சொந்தப் பணத்தில் 100 பவுண் கொடுத்துவிட்டுப் பின்னால் நின்றார். செயலாளர் பொறுப்பு மொரலுடையது.

சங்கம் நாடெங்கும் கூட்டங்களை நடத்தியது. அலிஸ் சீலி ஹரிஸ் என்ற மிஷனரிப் பெண்மணி கொங்கோவில் எடுத்த புகைப்படங்கள் திரையில் காட்டப்பட்டன. அவற்றுள் ஒன்று 1904 இல் எடுக்கப்பட்டது. ஒரு தந்தை திண்ணையில் அமர்ந்திருக்கிறார். அவர் முன்னே அவருடைய சிறு மகளின் வெட்டப்பட்ட கையும் பாதமும் கிடக்கின்றன. அப்படத்தைக் கண்டவர்கள் மறக்கவில்லை. எழுத்தாளர் மார்க் டுவெய்ன் 1905 இலும் ஆர்தர் கொனன் டொய்ல் 1909 இலும் கொங்கோவுக்காக நூல்கள் எழுதினர். மொரலின் சொந்த நூல்களுள் புகழ்பெற்றது 1906 இல் வெளியான சிவப்பு இறப்பர் என்பது. 1904 இல் அவர் அமெரிக்காவுக்குச் சென்று ஜனாதிபதி தியோடர் ரூஸ்வெல்டையும் சந்தித்தார்.

மன்னனின் எதிர்ப் பிரசாரம்

லியோபோல்ட் சும்மா இருக்கவில்லை. இரகசியமாக ஒரு பத்திரிகை அலுவலகத்தையே நடத்தினான். பல நாட்டுப் பத்திரிகைகளுக்குப் பணம் பாய்ந்தது. அமெரிக்காவில் தனக்காக வாதாட ஹென்றி கொவால்ஸ்கி என்ற சட்டத்தரணியை அமர்த்தினான். அவர்களுக்கிடையேயான கடிதங்கள் எப்படியோ வெளியேறி 1906 டிசம்பரில் ஹேர்ஸ்டின் நியூயோர்க் பத்திரிகையில் அச்சாகி மன்னனின் மானத்தை வாங்கின.

நெருக்குதல் தாங்காமல் 1904 இல் மன்னன் மூன்று நீதிபதிகளைக் கொண்ட விசாரணைக் குழுவைக் கொங்கோவுக்கு அனுப்பினான். அவர்கள் பூசி மெழுகிவிடுவார்கள் என்பது அவன் கணக்கு. அக்குழுவின் முன் லொன்ருலு என்ற ஊர்த் தலைவர் வந்தார். தம்முடன் கொண்டுவந்த 110 குச்சிகளை மேசையில் வைத்தார். இறப்பருக்காகக் கொல்லப்பட்ட ஒவ்வொருவருக்கும் ஒரு குச்சி. தலைவர்கள், ஆண்கள், பெண்கள், பிள்ளைகள் என்று குவியல் குவியலாகப் பிரித்து, ஒவ்வொரு குச்சிக்கும் உரியவரின் பெயரைச் சொன்னார். மொரலின் கணக்கேட்டில் இல்லாத பெயர்கள் அவை.

நீதிபதிகள் உண்மையையே எழுதினர். 1905 நவம்பரில் அறிக்கை வெளிவருவதற்கு ஒருநாள் முன்னர் ஒரு விசித்திரம் நிகழ்ந்தது. ஆங்கிலப் பத்திரிகைகளுக்கு அறிக்கையின் சுருக்கம் என்று ஒன்று கிடைத்தது. மேற்கு ஆபிரிக்க மிஷனரிச் சங்கம் என்ற அமைப்பு அதனை அனுப்பியிருந்தது. பெயரைப் பார்த்த பத்திரிகைகள் நம்பி அப்படியே பிரசுரித்தன. சில நாட்களின் பின்னரே அந்தச் சுருக்கத்துக்கும் அறிக்கைக்கும் சம்பந்தமில்லை என்பது தெரிந்தது. அப்படி ஒரு மிஷனரிச் சங்கமே உலகில் இருக்கவில்லை! எல்லாம் மன்னனின் ஆட்களின் வேலை. கிடைத்த செய்தியை யார் அனுப்பினார் என்று பாராமல் அச்சிட்டதால் பெரிய பத்திரிகைகளே ஏமாந்தன.

வெற்றியும் குறையும்

ஈற்றில் 1908 நவம்பரில் பெல்ஜிய அரசு கொங்கோவைப் பொறுப்பேற்றது. மன்னன் இலவசமாகக் கொடுத்தான் என்று எண்ண வேண்டாம். அவனது கடன்களை அரசு ஏற்றுக்கொண்டது. மேலும் நன்றியின் அடையாளமாக 50 மில்லியன் பிராங் கொடுக்கவும் இணங்கியது. அப்பணமும் கொங்கோவிலிருந்தே எடுக்கப்பட இருந்தது. கையளிக்குமுன் தனது கொங்கோ ஆவணங்களை லியோபோல்ட் எரிப்பித்தான். பிரசெல்ஸ் அரண்மனை அருகே அடுப்புகள் எட்டு நாட்கள் எரிந்தன. 1909 டிசம்பரில் அவன் இறந்தான்.

மொரல் உடனே பேனாவைக் கீழே வைக்கவில்லை. ஆட்சி மாறியது உண்மை. ஆனால் கட்டாய உழைப்பு வரி என்ற பெயரில் தொடர்ந்தது. சீர்திருத்தம் நடைபெறும்வரை புதிய ஆட்சியைப் பிரித்தானியா அங்கீகரிக்கக் கூடாதென அவர் வாதாடினார். அங்கீகாரம் 1913 இல்தான் கிடைத்தது. அவ்வாண்டே சங்கமும் கலைக்கப்பட்டது. இதற்கிடையில் இலங்கை, மலாயாத் தோட்டங்களின் இறப்பர் சந்தைக்கு வந்து காட்டு இறப்பரின் மதிப்பு விழுந்துவிட்டது. கொடுமை குறைந்ததற்கு மொரலின் பிரசாரம் எவ்வளவு காரணம், சந்தை எவ்வளவு காரணம் என்பது நீங்கள் விவாதிக்கத்தக்க ஒரு வினா. இரண்டையும் எழுதும் விடையே சிறந்த விடை.

அவரிடம் இருந்த ஒரு குறையையும் சொல்ல வேண்டும். லியோபோல்டைக் கண்ட அதே கூரிய கண்ணால் பிரித்தானியாவின் சொந்தக் குடியேற்றங்களை அவர் பார்க்கவில்லை. நேர்மையான வியாபாரம் நடந்தால் குடியேற்ற ஆட்சி நல்லதே என்றுதான் அக்காலத்தில் அவர் நம்பினார்.

யுத்தமும் சிறையும்

1914 ஆகஸ்டில் முதலாம் உலக மகா யுத்தம் மூண்டது. இரகசிய ஒப்பந்தங்களே நாட்டை யுத்தத்துக்குள் இழுத்தன என்று மொரல் கருதினார். ராம்சே மக்டொனால்ட் முதலியோருடன் சேர்ந்து சனநாயகக் கட்டுப்பாட்டு ஒன்றியம் என்னும் அமைப்பைத் தொடங்கி அதன் செயலாளரானார். நேற்றுவரை அவரைப் புகழ்ந்த பத்திரிகைகள் இன்று துரோகி என்றன. கூட்டங்கள் கலைக்கப்பட்டன.

நண்பர் கேஸ்மென்டின் கதை இதைவிடத் துயரமானது. அயர்லாந்தின் விடுதலைக்கு ஜேர்மனியின் உதவியை நாடிய அவர் 1916 ஆகஸ்ட் 3 ஆந் திகதி இலண்டனின் பென்டன்வில் சிறையில் தூக்கிலிடப்பட்டார். மரணத்தை எதிர்நோக்கியிருந்த நண்பரை மொரல் சென்று பார்க்கவில்லை. சமாதான இயக்கத்துக்குக் கெட்ட பெயர் வந்துவிடும் என்ற பயமே காரணம். வேலையையே தூக்கி எறிந்தவர் இவ்விடத்தில் தயங்கினார்.

மறு ஆண்டில் மொரலும் அதே பென்டன்வில் சிறைக்குள் அடைக்கப்பட்டார். நடுநிலை நாடான சுவிற்சர்லாந்தில் இருந்த பிரெஞ்சு எழுத்தாளர் ரொமெய்ன் ரோலண்டுக்குத் துண்டுப்பிரசுரங்களை அனுமதியின்றி அனுப்பினார் என்பதே குற்றச்சாட்டு. தண்டனை ஆறு மாதம். தபால் பைகளைத் தைக்கும் வேலை கொடுக்கப்பட்டது. குளிரும் போதாத உணவும் அவரை முறித்துவிட்டன. 1918 இன் தொடக்கத்தில் வெளியே வந்தபோது தலைமயிர் வெளுத்து, உடல் தளர்ந்திருந்தது. அவரைக் கண்டு தத்துவஞானி பேர்ட்ரண்ட் ரஸ்ஸல் மனம் வருந்தினார். இழந்த ஆரோக்கியம் முழுமையாகத் திரும்பவே இல்லை.

ரைன் நதிக்கரைப் பிரசுரம்

யுத்தம் முடிந்த பின் அவர் எழுதிய ஒரு பிரசுரத்தைப் பற்றிச் சொல்லாமல் விட்டால் இவ்வரலாறு முழுமையாகாது. பல நூல்கள் இதனை மறைத்துவிடுகின்றன. தோல்வியுற்ற ஜேர்மனியின் ரைன் நதிப் பிரதேசத்தில் பிரான்ஸ் தனது ஆபிரிக்கப் படையினரையும் நிறுத்தியிருந்தது. 1920 இல் மொரல் அப்படையினர் மீது பெண்களைத் துன்புறுத்துவதாகப் பொதுவாகக் குற்றஞ்சாட்டி எழுதினார். கறுப்பின ஆண்களை விலங்குகள் போலச் சித்திரித்தார். குற்றச்சாட்டுகள் மிகைப்படுத்தப்பட்டவை என்பது அக்காலத்திலேயே எடுத்துக்காட்டப்பட்டது. அப்பிரசுரம் இனவெறிப் பிரசாரகருக்குப் பயன்பட்டது. அன்ட்வேர்ப்பில் ஒவ்வொரு பொதியையும் எண்ணிப் பார்த்தவர், இங்கே கேள்விப்பட்டதை எண்ணிப் பாராமலே அச்சிட்டார். பிரான்சின் மீதிருந்த கோபம் அவர் கண்ணை மறைத்தது எனலாம். ஆபிரிக்கருக்காக எழுதிய அதே கை இதையும் எழுதியது என்பதை ஏற்றுக்கொண்டுதான் அவரை மதிப்பிட வேண்டும்.

இறுதி ஆண்டுகள்

1922 நவம்பர் பொதுத் தேர்தலில் தொழிற்கட்சி வேட்பாளராக ஸ்கொட்லாந்தின் டண்டீ தொகுதியில் மொரல் போட்டியிட்டார். இரண்டு உறுப்பினர்களைத் தெரிவுசெய்யும் தொகுதி அது. மதுவிலக்குக் கட்சியின் எட்வின் ஸ்க்ரிம்ஜரும் மொரலும் வென்றனர். தோற்றவர்களுள் ஒருவர் வின்ஸ்டன் சேர்ச்சில்! இச்செய்தி பலருக்கும் வியப்பளிக்கும். 1924 இல் மக்டொனால்ட் பிரதமரானபோது மொரலே வெளிநாட்டு அமைச்சராவார் என்று பலர் எதிர்பார்த்தனர். மக்டொனால்ட் அப்பதவியைத் தாமே வைத்துக்கொண்டார்.

அவ்வாண்டு ஒக்டோபர்த் தேர்தலில் மீண்டும் வென்ற மொரல், நவம்பர் 12 ஆந் திகதி டெவன் பிரதேசத்தில் ஒரு காட்டுப் பாதையில் நடந்துகொண்டிருந்தார். களைப்பாக இருக்கிறது என்று ஒரு மரத்தில் சாய்ந்து அமர்ந்தவர் எழுந்திருக்கவில்லை. வயது 51.

விசாரணைக் குழுவின் முன் கொங்கோ மக்கள் சொன்ன சாட்சியங்கள் பிரசெல்ஸ் ஆவணக் காப்பகத்தில் பூட்டப்பட்டுக் கிடந்தன. 1980களிலேயே அவை ஆய்வாளருக்குத் திறக்கப்பட்டன. 2020 யூன் 30 ஆந் திகதி பெல்ஜிய மன்னர் பிலிப், கொங்கோ சனநாயகக் குடியரசின் சனாதிபதிக்கு எழுதிய கடிதத்தில் கடந்த காலக் கொடுமைகளுக்காக ஆழ்ந்த வருத்தம் தெரிவித்தார். லியோபோல்டின் காகிதங்கள் சாம்பலாயின. மொரலின் கடிதங்களும் குறிப்புகளும் இலண்டன் பொருளியற் கல்லூரியின் நூலகத்தில் இன்றும் இருக்கின்றன.